மாத்திரை வேலை செய்யலைங்க என்று போய்ச் சொன்னால்: இரண்டு கிளினிக், ஒரு அரசு ஆஸ்பத்திரி, ஒரு போன் நம்பர்

கூகுள் மேப்பில் மனநல கிளினிக்குகளுக்கு எழுதியிருக்கும் விமர்சனங்களைப் படித்தால் எல்லாம் ஒரே அச்சில் வார்த்த மாதிரி இருக்கும். "டாக்டர் தங்கமானவர், பொறுமையாகப் பேசுவார்" என்று ஐந்து ஸ்டார், இல்லாவிட்டால் "மூணு மணி நேரம் உக்கார வெச்சுட்டாங்க" என்று ஒரு ஸ்டார். முதல் தடவை போகிறவர்களுக்கு இது போதும். மாத்திரை ஆரம்பித்து, நன்றாகி, வருஷக்கணக்கில் அதே மாத்திரையில் ஓடிக்கொண்டிருந்து, அப்புறம் அது கேட்காமல் போனவர்களுக்கு இதில் ஒரு வரிகூடப் பிரயோஜனம் கிடையாது. ஒரு மனநல டாக்டர் எப்படிப்பட்டவர் என்பது "முன்ன மாதிரி வேலை செய்யலைங்க" என்று அவர் முன்னால் போய் உட்காருகிற அன்றைக்குத்தான் தெரியும். நான் போன இடங்களை அந்த ஒரு கண்ணால் பார்த்து இதை எழுதுகிறேன்.

பேர் எதையும் போடவில்லை. திருப்பூர், அவிநாசி, பல்லடம் பக்கமெல்லாம் எல்லாரும் எல்லாருக்கும் ஒறம்பரை, அதாவது சொந்தம். எந்தக் கிளினிக் என்று சொன்னால் எழுதினது யார் என்று சாயந்தரத்துக்குள் தெரிந்துவிடும். கம்பெனியில் பாதிப் பேருக்கு நான் போவது "நரம்பு டாக்டர்கிட்ட", மீதிப் பேருக்கு "கழுத்து வலிக்கு". அது அப்படியே இருந்துவிட்டுப் போகட்டும்.

நான் பனியன் கம்பெனியில் கணக்குப் பார்க்கிறவள். மனச்சோர்வுக்குச் சில வருஷமாக எஸ்சிட்டலோபிராம் 10 மில்லிகிராம். நல்ல மருந்து, குறையே சொல்லமாட்டேன், என்னை எழுப்பி உட்கார வைத்ததே அதுதான். நோய் திரும்பி வந்தபோது அழுகையாக வரவில்லை. அதனாலேயே ரொம்ப நாள் யாருக்கும் பிடிபடவில்லை. விடிகாலை மூன்று மணிக்கு முழிப்பு, அதற்கப்புறம் தூக்கம் கிடையாது. சாயப்பட்டறை பில்லை ஏற்றிவிட்டு, ஏற்றினேனா இல்லையா என்று தெரியாமல் மறுபடி அதே பில்லைக் கையில் எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். கறிக்குழம்பும் ரசமும் வாயில் ஒன்றுதான். "வெசனப்படாத கண்ணு, கண்ணு பட்டிருக்கும், மந்திரிச்சு ஒரு கயிறு கட்டிக்கலாம்" என்றார் அத்தை, கட்டிக்கொண்டேன், அதில் ஒன்றும் நஷ்டம் இல்லை. மாத்திரையை மட்டும் நிறுத்தவில்லை.

இப்படி ஆவது அபூர்வம் கிடையாது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இது தெரியாமல் "எனக்கு மட்டும் ஏன்" என்று உட்கார்ந்திருப்பவர்கள் நிறைய. ஒழுங்காக மாத்திரை சாப்பிட்டுக்கொண்டே இருப்பவர்களிலும் ஒரு பகுதிப் பேருக்கு நோய் திரும்பி வருகிறது. உடம்பு மருந்துக்குப் பழகிவிட்டதா, நோயே கனத்துவிட்டதா, அல்லது வேறு ஏதாவது குறுக்கே வந்து நிற்கிறதா என்பது ஆளுக்கு ஆள் வேறு. அதைக் கண்டுபிடிப்பதுதான் டாக்டரின் வேலை. அதற்குத்தானே காசு கொடுக்கிறோம்.

சரி, முதல் கிளினிக். மெயின் ரோட்டு மேலேயே இருக்கிறது, வண்டி நிறுத்த இடம் உண்டு, சாயந்தரம் ஆறு மணிக்கு மேல் போனால் டோக்கன் நாற்பதைத் தாண்டும். டாக்டர் அனுபவஸ்தர், கோபப்படமாட்டார். ஆரம்பத்தில் என்னைத் தேற்றிவிட்டவரும் அவர்தான், அந்த நன்றி இல்லாமல் இல்லை. ஆனால் "மாத்திரை கேக்கலைங்க" என்று போய் உட்கார்ந்த அன்றைக்கு நடந்தது இவ்வளவுதான்: "தூக்கம் எப்படி?" "மூணு மணிக்கு முழிச்சிர்றனுங்க." "சரிம்மா, மாத்திரை மாத்திடலாம், தூக்கத்துக்கும் சேத்துத் தர்றேன், ஒரு மாசம் கழிச்சு வாங்க." அடுத்த டோக்கனைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

மருந்து அங்கேயே கொடுப்பார்கள். அட்டையிலிருந்து உதிர்த்து, சின்னக் காகிதக் கவரில் போட்டு, மேலே பேனாவால் காலை, இரவு என்று கோடு கிழித்துத் தருவார்கள். அந்தக் கவரில் மாத்திரையின் பேர் இருக்காது, எத்தனை மில்லிகிராம் என்று இருக்காது, காலாவதித் தேதியும் இருக்காது. பேர் என்னவென்று கேட்டேன். "பேரெல்லாம் எதுக்குக்கா, காலைல வெள்ளை, ராத்திரிக்கு மஞ்ச" என்றாள் அந்தப் பொண்ணு. சின்னப் பொண்ணு, அவளைத் திட்டி என்ன ஆகப்போகிறது. ஆனால் இந்தப் பழக்கம் எங்கள் பக்கம் பல கிளினிக்குகளில் இருக்கிறது, இதைப்போல ஆபத்தான வேலை வேறில்லை. நாளைக்கே டெங்கு என்று வேறு ஆஸ்பத்திரியில் படுத்தால் என்ன மாத்திரை சாப்பிடுகிறோம் என்று சொல்லத் தெரியாது. முதுகு வலிக்கு யாராவது டிரமடால் எழுதினால், அதையும் மனச்சோர்வு மருந்தையும் சேர்த்துச் சாப்பிடுவது சில பேருக்கு நடுக்கம், காய்ச்சல், குழப்பம் என்று எங்கேயோ கொண்டுபோய் விடும். எல்லாவற்றுக்கும் மேலே, நம்ம விஷயத்தில் அடுத்த டாக்டர் கேட்கப்போகிற முதல் கேள்வியே "இந்த மருந்தை எவ்வளவு அளவில் எத்தனை வாரம் சாப்பிட்டீங்க" என்பதுதான். வெள்ளை, மஞ்சள் என்றா பதில் சொல்வது?

கேட்டு வாங்குங்கள். 2017-ஆம் வருஷத்து மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 25-ஆவது பிரிவு, நோயாளிக்குத் தன்னுடைய சிகிச்சைக் குறிப்புகளைப் பார்க்கும் உரிமையைக் கொடுக்கிறது. நான் சட்டமெல்லாம் பேசவில்லை, "இன்சூரன்சுக்கு வேணுங்க" என்றேன், எழுதிக் கொடுத்துவிட்டார்கள். பார்த்தால், எஸ்சிட்டலோபிராமை நிறுத்திவிட்டு செர்ட்ராலின் 50, கூடவே குளோனசெபாம் இரண்டு வேளை. மருந்து மாற்றியது தப்பு என்று சொல்லவரவில்லை, அது எங்கேயும் செய்வதுதான். ஏன் மாற்றுகிறோம், என்ன எதிர்பார்க்கிறோம், எத்தனை வாரம் பொறுக்க வேண்டும் என்று ஒரு வார்த்தை இல்லாததுதான் குறை. அந்த இரண்டு வேளை குளோனசெபாமில் நான் மத்தியானம் மானிட்டருக்கு முன்னால் தூங்கி வழிந்தேன், நடந்தால் கால் தள்ளாடியது. அது மயக்க மாத்திரை வகை, பதற்றத்தைத் தணிக்கும், சோர்வை எடுக்காது. நாள்பட்டால் அதுவே ஒரு மந்தத்தைக் கொடுத்து, மனச்சோர்வு கூடிவிட்டதோ என்று நினைக்க வைக்கும். அதே சமயம் திடீரென்று நிறுத்தவும் கூடாது, வலிப்பு வரைக்கும் போகலாம். மெல்லத்தான் குறைக்க வேண்டும்.

இரண்டாவது இடம் கோயமுத்தூர். எனக்கு இரண்டு பஸ், கன்சல்டிங் 800 ரூபாய், முன்கூட்டி நேரம் வாங்காமல் போனால் பார்க்கமாட்டார்கள். மாடியில் இருக்கிறது, லிப்ட் இல்லை, முட்டி வலிக்காரர்கள் யோசித்துக்கொள்ளுங்கள். காத்திருக்கும் இடத்தில் பேரைச் சத்தமாகக் கூப்பிடாமல் பக்கத்தில் வந்து "நீங்க வாங்கக்கா" என்று சொல்வது எனக்கு ரொம்பப் பிடித்தது. உள்ளே போவதற்கு முன்னால் ஒரு தாள் கொடுத்து நிரப்பச் சொன்னார்கள். ஒன்பது கேள்வி, மனசு இறங்குவது, தூக்கம் கெடுவது மாதிரி ஒவ்வொன்றும் கடந்த இரண்டு வாரத்தில் எத்தனை நாள் இருந்தது என்று 0 முதல் 3 வரை, கூட்டினால் அதிகபட்சம் 27. மனச்சோர்வு எவ்வளவு இருக்கிறது என்று அளக்க, பிஎச்கியூ-9 என்று உலகம் பூராவும் பயன்படுத்துகிற தாள் அது. முதல் கிளினிக்கில் இதை யாரும் கண்ணில் காட்டியதே இல்லை. நான் கணக்குக்காரி என்பதாலோ என்னவோ, "நல்லாருக்கு", "பரவால்லை" என்று சொல்வதைவிட ஒரு நம்பர் கையில் இருப்பது தைரியமாக இருந்தது. அந்த நம்பர் பாதியாகக் குறைந்தால் மருந்து வேலை செய்கிறது என்று கணக்கு, 5-க்குக் கீழே வந்தால் ஏறக்குறைய தெளிந்துவிட்டது என்று கணக்கு. ஒவ்வொரு தடவையும் அதே தாள்தான், பழைய நம்பருக்குப் பக்கத்திலேயே புது நம்பரை எழுதி வைத்துக்கொள்கிறார்கள்.

டாக்டர் ஒரு அம்மா. கவரில் இருந்த மாத்திரைகளை வெள்ளைத் தாளில் கொட்டி, விரலால் வெள்ளையை ஒரு பக்கம், மஞ்சளை ஒரு பக்கம் ஒதுக்கினார். மஞ்சளை எடுத்து வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தார், அதில் ஒரு எழுத்தும் இல்லை. அதற்கப்புறம்தான் நான் எழுதி வாங்கி வைத்திருந்த சீட்டை வாங்கினார். "இதை வாங்கிட்டு வந்தீங்க பாருங்க, பாதி வேலை முடிஞ்சுதுங்கம்மா" என்றார்.

அப்புறம் கேள்வி. அவ்வளவு கேள்வி என்னை எந்த டாக்டரும் கேட்டதில்லை. மாத்திரையை எந்த நேரத்தில் சாப்பிடுகிறேன், ஷிப்மென்ட் சமயத்தில் விட்டுப்போகிறதா. கடையில் கம்பெனி மாற்றிக் கொடுத்தார்களா. வேறு என்னென்ன மாத்திரை, தைலம், லேகியம், நாட்டு மருந்து. காசநோய்க்கோ வலிப்புக்கோ மருந்து உண்டா என்று ஏன் கேட்டார் என்றால், ரிபாம்பிசின், கார்பமசெபைன் மாதிரி சில மருந்துகள் ஈரலைத் தூண்டிவிட்டு மற்ற மருந்துகளைச் சீக்கிரம் கரைத்து வெளியே தள்ளிவிடுமாம். குடிப்பீங்களா, புகை உண்டா என்றும் கேட்டார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது, "எல்லாரையும் கேக்கறதுதாங்கம்மா, பொம்பளைங்கன்னு விட்டுட்டா தப்பிப்போயிரும்" என்றார். டுலாக்செடின் சாப்பிடுகிறவர் பீடி சிகரெட் பிடித்தால் ரத்தத்தில் மருந்தின் அளவில் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கு குறைந்துவிடுமாம். நம்ம ஊர் ஆம்பளைகளுக்கு இதை யாராவது சொல்கிறார்களா தெரியவில்லை. மாதவிடாய் எப்படி, குறட்டை உண்டா, காலையில் எழுந்தால் தலை கனமாக இருக்கிறதா, வீட்டில் புதுசாக ஏதாவது பாரம் வந்திருக்கிறதா. கடைசிக் கேள்விக்கு நான் பேசிக்கொண்டே போனேன், அதைக் கடிகாரம் பார்க்காமல் கேட்டார்.

"சாகணும்னு தோணுதா?" என்றும் நேராகவே கேட்டார். சுற்றி வளைக்கவில்லை, குரலைத் தாழ்த்தவும் இல்லை, தூக்கம் வருதா என்று கேட்ட அதே குரல். இப்படிக் கேட்டால் அந்த நினைப்பை ஊட்டிவிடும் என்று நம்ம வீடுகளில் ஒரு பயம் உண்டு. அப்படி இல்லை, கேட்பதுதான் நல்லது. பதில் சொல்கிறவருக்கு நெஞ்சிலிருந்து ஒரு பாரம் இறங்கும். 25 வயசுக்குக் கீழே இருப்பவர்களுக்கு மருந்து ஆரம்பித்த புதுசிலும், அளவை மாற்றுகிற சமயத்திலும் இந்த நினைப்பு கூடலாம் என்று மருந்துப் பெட்டிக்குள் இருக்கும் தாளிலேயே எச்சரிக்கை இருக்கும். வீட்டில் கல்லூரிப் பிள்ளைகள் இந்த மருந்து சாப்பிட்டால் அந்த வாரங்களில் பக்கத்தில் இருங்கள்.

அதற்கப்புறம் என் வீட்டுக்காரரை உள்ளே கூப்பிட்டு, என்னை வெளியே உட்கார வைத்தார். எனக்குக் கொஞ்சம் சுருக்கென்று இருந்தது. காரணம் பின்னால் சொன்னார். சில பேருக்கு வந்திருப்பது வெறும் மனச்சோர்வாக இருக்காது, எப்போதோ ஒரு காலத்தில் தூக்கமே இல்லாமல், அளவுக்கு மீறின உற்சாகத்தில், காசைத் தண்ணீராகச் செலவழித்து, நிற்காமல் பேசி நடந்த நாட்களும் இருந்திருக்கும். அது இருதுருவ நோய். அதற்கு மனச்சோர்வு மாத்திரை மட்டும் கொடுத்தால் சரியாகக் கேட்காது, சில சமயம் அந்தப் பக்கத்துக்கே தூக்கி எறிந்துவிடும். "மாத்திரை வேலை செய்யவில்லை" என்று வருகிறவர்களில் இப்படிப்பட்டவர்களும் உண்டு. அந்த நாட்கள் அவரவருக்கு நோயாகத் தெரியாது, கூட இருப்பவர்களுக்குத்தான் தெரியும் என்பதால் வீட்டு ஆளைக் கேட்கிறார்கள். என் வீட்டுக்காரர் சொன்ன பதில்: "அவ தூங்காம இருந்ததெல்லாம் தீபாவளி ஆர்டர் சமயத்துல மட்டுந்தானுங்க மேடம்."

ரத்தப் பரிசோதனைக்கு எழுதினார். தைராய்டு, ஹீமோகுளோபின், பி12, சர்க்கரை, உப்புச் சத்து. இந்த வகை மாத்திரைகள் ரத்தத்தில் சோடியத்தை இறக்கிவிடலாம், வயசானவர்களுக்கு அது இன்னும் அதிகம், சோர்வும் தடுமாற்றமும் அதனாலேயே வரலாம் என்பதால் அந்தக் கடைசி ஒன்று. எங்கே வேண்டுமானாலும் எடுங்கள் என்று சொல்லிவிட்டார், எங்க ஊர் லேபிலேயே எடுத்தேன். தைராய்டு சுரப்பு குறைந்திருந்தது, பி12-ம் குறைவு. எனக்கு உடனே ஒரு சந்தோஷம், அப்பாடா இதுதான் காரணம் என்று. டாக்டர் அந்த அளவுக்குப் போகவில்லை. "இதனாலதான்னு சத்தியம் பண்ணமாட்டேன். ஆனா இதைச் சரி பண்ணாம மேல மேல மருந்து ஏத்திட்டே போறதுல அர்த்தம் இல்லைங்கம்மா." தைராய்டு மாத்திரை ஆரம்பித்தால் அதன் பலனை ரத்தத்தில் பார்க்கவே ஆறு முதல் எட்டு வாரம் ஆகும் என்றும் சொல்லித்தான் அனுப்பினார்.

மருந்துக்கு வந்தால், குளோனசெபாமைக் கால் கால் மாத்திரையாக மெதுவாக இறக்கினார். செர்ட்ராலினை மறுபடி மாற்றவில்லை. 50 என்பது தொடங்கும் அளவு, 200 வரைக்கும் போக இடம் இருக்கிறது, போதுமான அளவில் போதுமான வாரம் கொடுத்துப் பார்க்காமல் ஒரு மருந்தைத் தோற்றது என்று தள்ளிவிடக் கூடாது என்றார். நாலு முதல் ஆறு வாரம் என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள், அதற்கு முன்னால் அவசரப்பட்டால் எந்த மருந்தும் நிற்காது. அவர் அளவை ஏற்றினது எனக்கு. படித்துவிட்டு நீங்களாக ஏற்றிக்கொள்ளாதீர்கள், எஸ்சிட்டலோபிராமுக்கெல்லாம் 20-ஐத் தாண்டக் கூடாது என்று வரம்பே இருக்கிறது, தாண்டினால் இதயத் துடிப்பில் கோளாறு வரலாம். அதேபோல, "கேக்கலையே, எதுக்குத் தின்னுட்டு" என்று படக்கென்று நிறுத்தவும் கூடாது. தலைசுற்றல், குமட்டல், எரிச்சல், மண்டைக்குள் கரண்ட் அடித்த மாதிரி ஒரு சுள்ளென்ற உணர்வு, இதெல்லாம் வரும். பராக்செடின், வென்லாபாக்சின் சாப்பிடுகிறவர்களுக்கு ரொம்பவே வரும். புளூஆக்செடின் உடம்பில் நாள்கணக்கில் தங்குவதால் அதற்குக் குறைவு.

இந்த இடத்தில் ஒரு ஆய்வைப் பற்றிச் சொல்ல வேண்டும், டாக்டர் என்னிடம் சொன்னார், நானும் தேடிப் படித்தேன். அமெரிக்காவில் நாலாயிரம் பேருக்கு மேல் சேர்த்து நடத்தின ஸ்டார்-டி என்கிற ஆய்வு, முடிவுகள் 2006-ல் வந்தன. முதல் மருந்திலேயே நோய் முழுக்க நீங்கினவர்கள் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்குதான். கேட்காதவர்களுக்கு மருந்தை மாற்றியோ இன்னொன்றைச் சேர்த்தோ கொடுத்தபோது அதிலும் கிட்டத்தட்ட அதே விகிதம் தேறியது. மூன்றாவது, நாலாவது படிகளில் அது வெகுவாகக் குறைந்துபோனது. மொத்தத்தில் எத்தனை பேர் தேறினார்கள் என்ற கணக்கை 2023-ல் இன்னொரு குழு மறுபடி போட்டுப் பார்த்து, முதலில் சொன்னது மிகை என்று சண்டை போட்டிருக்கிறது. அந்தச் சண்டையில் நமக்கு வேலை இல்லை. ஒரு மருந்து கேட்காமல் போவது சகஜம், அடுத்ததில் தேற நியாயமான வாய்ப்பு உண்டு, அதற்காகக் கண்ணை மூடிக்கொண்டு பத்து மருந்தை மாற்றிக்கொண்டே போவதில் பலன் இல்லை. எனக்கு அதில் தெரிந்தது இதுதான்.

இன்னொரு மருந்தைச் சேர்ப்பதைப் பற்றி என்னிடம் பேசினார், எனக்குத் தேவைப்படவில்லை. அரிபிபிராசோல், குயட்டியாபின், லித்தியம், சில பேருக்குத் தைராய்டு ஹார்மோனே, இப்படிச் சேர்ப்பார்களாம். லித்தியம் பழைய மருந்து, நல்ல மருந்து, ஆனால் ரத்தத்தில் அதன் அளவைப் பார்த்துக்கொண்டே கொடுக்க வேண்டியது. சித்திரை வெயிலில் தறிக்குடோனில் நின்று வேர்த்துக் கொட்டுகிறவர்கள் தண்ணீர் குறைந்தாலோ, வலிக்கு டைக்ளோபினாக் வாங்கிப் போட்டாலோ அந்த அளவு ஏறி விஷமாகிவிடும். எங்கள் பக்கம் இதைக் கட்டாயம் சொல்லித்தான் கொடுக்க வேண்டும். அந்த அம்மா எனக்கு எழுதாத மருந்துக்கே இதைச் சொன்னார் என்பது என் கணக்கில் அரை ஸ்டார் கூடுதல்.

அதே கிளினிக்கில் கவுன்சலிங் சனிக்கிழமை மட்டும். தனிக் கட்டணம், சுவர் மெல்லிசு, பக்கத்து அறையில் பேசுவது கேட்கிறது, நாம் பேசுவதும் அங்கே கேட்கும்தானே, இதைச் சொல்லியும் மாற்றவில்லை. ஆனால் உள்ளே நடப்பது உருப்படியான வேலை. சும்மா "தைரியமா இருங்க" என்று சொல்லி அனுப்பும் கவுன்சலிங்கை முன்பு பார்த்திருந்ததால் நம்பிக்கையில்லாமல்தான் போனேன். இவர் என் நாளை மணிக்கணக்காகப் பிரித்து எழுத வைத்து, எந்த நேரத்தில் மனசு ரொம்ப இறங்குகிறது என்று பார்த்து, அந்த நேரத்தில் செய்ய ஒரு சின்ன வேலையைப் போட்டுக் கொடுத்தார். செய்யத் தோன்றினால் செய்யுங்கள் என்பதில்லை, தோன்றாவிட்டாலும் செய்துவிட்டு அப்புறம் எப்படி இருந்தது என்று எழுத வேண்டும். எனக்கு விழுந்தது, விடிகாலை முழிப்பு வந்தால் படுக்கையில் புரளாமல் எழுந்து வாசல் தெளித்துக் கோலம் போடுவது. அப்புறம் "என்னால ஆகாது, வேலையை விட்டு நிறுத்திருவாங்க" என்கிற மாதிரி நினைப்புகளை எடுத்து வைத்து, அதற்கு என்ன ஆதாரம் என்று கேட்டுக் குடைவது. ஆடிட்டர் வவுச்சர் கேட்கிற மாதிரிதான், எனக்குப் பழகின வேலை. பிரிட்டனில் மருந்து சரியாகக் கேட்காத 469 பேரை வைத்துச் செய்த ஆய்வு 2013-ல் வந்தது. மருந்தோடு இந்த வகை சிகிச்சையும் சேர்த்துப் பெற்றவர்களில் ஆறு மாதத்தில் 46 சதவீதம் பேருக்கு நோய் பாதிக்குப் பாதி குறைந்திருக்கிறது, சேர்க்காதவர்களில் 22 சதவீதம். மாத்திரை கேட்காதபோது இன்னொரு மாத்திரைதான் வழி என்று இல்லை என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்.

இந்தக் கிளினிக்கின் பெரிய குறை போன். மாத்திரை மாற்றின முதல் வாரத்தில்தான் சந்தேகம் எல்லாம் வரும், அப்போது கூப்பிட்டால் எடுக்கமாட்டார்கள், வாட்ஸ்அப்பில் போட்டால் இரண்டு நாள் கழித்து "டாக்டரைப் பாருங்க" என்று வரும். வெளியூர்க்காரர்களுக்கு இது பெரிய கஷ்டம்.

அரசு ஆஸ்பத்திரிக்கு நான் எனக்காகப் போகவில்லை, பெரியம்மா பையனைக் கூட்டிக்கொண்டு போனேன். விசைத்தறி ஓட்டுகிறவன், 800 ரூபாய்க்கு அவன் எங்கே போவான். கோவை, திருப்பூர், பெருந்துறை, கரூர், நாமக்கல் என்று எல்லாப் பக்கமும் இப்போது அரசு மருத்துவக் கல்லூரி இருக்கிறது. மாவட்ட மனநலத் திட்டம் வேறு தனியாக ஓடுகிறது, அந்தக் குழு தாலுகா ஆஸ்பத்திரிகளுக்குக் குறிப்பிட்ட கிழமைகளில் வரும், உங்கள் ஊரில் எந்தக் கிழமை என்று போய் விசாரித்துக்கொள்ளுங்கள். நாங்கள் போன இடத்தில் கூட்டம் சந்தைக் கூட்டம்தான், போன தடவை பார்த்த டாக்டர் இந்தத் தடவை இல்லை, ஒரு மருந்து ஸ்டாக் இல்லை என்று வெளியே வாங்கச் சொன்னார்கள். ஆனால் நோட்டில் மருந்தின் பேர், அளவு, தேதி எல்லாம் எழுதியிருந்தது, மாத்திரை அட்டையோடு கையில் வந்தது. சின்ன வயசு டாக்டர் ஒருத்தர், அவனிடம் குடியைப் பற்றிக் கேட்டு, "தம்பி, ராத்திரி குடிச்சிட்டுக் காலைல மாத்திரை போட்டா நான் என்ன எழுதியும் பிரயோஜனம் இல்லை" என்று முகத்துக்கு நேரே சொன்னார். அந்தப் பேச்சுக்காகவே எனக்கு அந்த இடத்தின்மேல் மரியாதை. காசு இருப்பவர்களும் ஒரு தடவை போய்ப் பார்க்கலாம், கௌரவம் ஒன்றும் குறைந்துவிடாது.

ராத்திரி நேரத்துக்கு 14416. டெலி மானஸ் என்று மத்திய அரசு 2022 அக்டோபர் 10-ல் ஆரம்பித்த சேவை, 24 மணி நேரமும் இலவசம், தமிழில் பேசலாம். முதலில் ஆலோசகர் பேசுவார், தேவைப்பட்டால் மேலே மனநல டாக்டர் வரைக்கும் இணைப்பார்கள். எனக்குப் பேசின அம்மா பொறுமையாகக் கேட்டார், உபதேசம் பண்ணவில்லை, நானாக மருந்தை மாற்றக் கூடாது, காலையில் டாக்டரிடம் என்னென்ன சொல்ல வேண்டும் என்று வரிசைப்படுத்திக் கொடுத்தார். போனில் அதற்குமேல் எதிர்பார்க்கவும் கூடாது. உயிரை விட வேண்டும் என்ற எண்ணம் பலமாக வந்தால் போனோடு நிற்காதீர்கள், கூட ஒரு ஆளை வைத்துக்கொண்டு பக்கத்து ஆஸ்பத்திரியின் அவசரப் பிரிவுக்கே போய்விடுங்கள், எந்த ஆஸ்பத்திரி என்று பார்க்க வேண்டாம்.

இரண்டு மருந்தைச் சரியான அளவில் சரியான காலம் கொடுத்தும் கேட்கவில்லை என்றால் மேலே வழி இருக்கிறது. கரண்ட் வைப்பது என்று நம்ம ஊரில் பயப்படுவார்களே, அது இன்றைக்கு மயக்க மருந்தும் தசை தளர்த்தும் மருந்தும் கொடுத்துத்தான் செய்யலாம், இல்லாமல் செய்வதை 2017 சட்டமே தடை செய்கிறது. கடுமையான மனச்சோர்வுக்கு அது நன்றாகக் கேட்கும், கொஞ்ச நாள் ஞாபக மறதி இருக்கலாம். தலையில் காந்தம் வைத்துச் செய்வதும் பெரிய ஊர்களில் உண்டு. கெட்டமின் வகையைச் சேர்ந்த எஸ்கெட்டமின் என்கிற, மூக்கில் அடிக்கும் மருந்து அமெரிக்காவில் 2019-ல் அனுமதி பெற்றது. இதையெல்லாம் முதல் சந்திப்பிலேயே பேக்கேஜ் போட்டு விற்கிறவர்களிடம் மட்டும் போகாதீர்கள்.

எனக்கு இப்போது எப்படி என்றால், அந்தத் தாளின் நம்பர் பாதிக்கும் கீழே வந்துவிட்டது, 5-க்குக் கீழே இன்னும் வரவில்லை. மூன்று மணி முழிப்பு வாரத்தில் ஓரிரு நாள் உண்டு. ரசத்துக்கு ருசி திரும்பிவிட்டது.

ஸ்டார் கேட்பவர்களுக்கு: முதல் கிளினிக் ஒன்றரை, அந்தக் காகிதக் கவரை நிறுத்தினால் மூன்று. கோயமுத்தூர் நாலு, போனை எடுத்தால் நாலரை, சுவரைக் கட்டினால் ஐந்து. அரசு ஆஸ்பத்திரி மூன்றரை. 14416-க்கு ஸ்டார் போட இடமில்லை, நம்பரை மட்டும் போனில் ஏற்றி வைத்துக்கொள்ளுங்கள். எங்கே போனாலும் பழைய அட்டைகள், சீட்டுகள், கடைசியாக எடுத்த ரத்தப் பரிசோதனை எல்லாவற்றையும் ஒரு பையில் போட்டு எடுத்துப் போங்கள், வீட்டில் உங்களை ஒழுங்காகக் கவனித்த ஒரு ஆளையும் கூட்டிக்கொள்ளுங்கள். கோயமுத்தூருக்குச் சனிக்கிழமை வேண்டாம், கவுன்சலிங் கூட்டமும் சேர்ந்துகொள்ளும். செவ்வாய், புதன் மத்தியானம் காலியாக இருக்கும்.